ரைட்டு என்றால் எந்தப் பக்கம்?

1

போன ஞாயிற்றுக்கிழமை காலையில் என் மகள் ஓட்டிய கார் ஒருவழிச் சாலைக்குள் எதிர்த்திசையில் நுழைந்தது. பக்கத்து இருக்கையில் உட்கார்ந்து அவளுக்கு வழி சொன்னவள் நான்தான்.

பிழைத்துக்கொண்டோம். யாருக்கும் ஒரு கீறல்கூட இல்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், இல்லையென்றால் ஊரில் இருக்கும் என் அத்தைமார் பாதி படித்ததுமே போனை எடுத்துவிடுவார்கள். ஆனால் அதிர்ச்சி இன்னும் எனக்குள்ளிருந்து இறங்கவில்லை. நான் செவிலி. மூச்சு நின்றவர்களின் மார்பை அழுத்தி எழுப்பியிருக்கிறேன், அப்போதெல்லாம் பதறியதில்லை. இந்த வாரம் முழுக்கக் காரின் கதவைத் திறப்பதற்கு முன்னால் இரண்டு தரம் நின்று யோசிக்கிறேன்.

ஜெனியை இடுப்பில் தூக்கிக்கொண்டுதான் காஞ்சிபுரத்திலிருந்து இங்கிலாந்துக்கு வந்தேன். வடக்கே, மழையும் செம்மறியும் அதிகமுள்ள ஒரு சின்ன ஊர். இடுப்பில் இருந்தவளுக்கு இப்போது பதினேழு முடிந்துவிட்டது, என்னைவிட ஒரு சாண் உயரம். செப்டம்பரில் அவளுக்குக் கல்லூரி. இரண்டு இடங்களில் கூப்பிட்டிருந்தார்கள். ஒன்று பக்கத்து நகரத்தில் மருந்தியல், காரில் போனால் ஒரு மணி நேரம்கூட ஆகாது. இன்னொன்று ஸ்காட்லாந்தில், வரைபடத்தில் பச்சை நிறத்தைத் தவிர வேறெதுவும் தெரியாத ஒரு மூலையில், காட்டியல். மரத்தைப் பற்றிப் படிக்க ஒருத்தி அவ்வளவு தூரம் போவாளா என்ன? அதை நான் பேச்சாகவே எடுத்துக்கொள்ளவில்லை. மருந்தியல் என்று முடிவாகிவிட்டதாகத்தான் என் மனத்தில் இருந்தது.

என் திட்டம் எளிமையானது. செப்டம்பருக்குள் ஜெனிக்கு லைசென்ஸ் கிடைத்துவிட வேண்டும். கிடைத்தால் அவள் வீட்டிலிருந்தே காரில் போய்வருவாள், ராத்திரிச் சாப்பாட்டுக்கு மேசையில் இருப்பாள். கிடைக்காவிட்டால் இரண்டு பஸ் மாற வேண்டும், உடனே விடுதி என்று பேச்சு எழும். இந்த நாட்டில் விடுதிக்குப் போன பிள்ளை அப்புறம் விருந்தாளியாகத்தான் வீட்டுக்கு வருகிறது. என் கூட வேலை செய்பவர்கள் எல்லாரும் இதைச் சொல்லியிருக்கிறார்கள். எனவே என் பெண்ணை வீட்டில் வைத்துக்கொள்வதற்காக அவளுக்குக் கார் ஓட்டச் சொல்லிக்கொடுத்தேன். இப்போது எழுதிப் பார்த்தால் எனக்கே சிரிப்பு வருகிறது, அன்றைக்கு அதில் ஒரு முரணும் தெரியவில்லை.

2

இங்கே ரோட்டில் ஓட்டுவதற்கு முன்னால் ரோட்டைப் படிக்க வேண்டும். ஆம், படிக்கத்தான் வேண்டும். தார் மேலேயே எழுதிவைத்திருக்கிறார்கள். ரவுண்டானா வருவதற்கு வெகு தூரம் முன்பே அம்புக்குறிகள் தொடங்கிவிடும். இடப்பக்க லேனில் நின்றால் இந்த ஊருக்கு, நடு லேனில் நின்றால் அந்த ஊருக்கு. தப்பான லேனில் நின்றுவிட்டால் தப்பான ஊருக்குப் போய்த்தான் திரும்பி வர வேண்டும். நடுவில் மனம் மாறக் கூடாது. வந்த புதிதில் இது என்னைத் திகைக்கவைத்தது. காஞ்சிபுரத்தில் மூங்கில் மண்டபம் சந்திப்புக்கு வந்து நின்ற பிறகுதானே எந்தப் பக்கம் போவது என்பதையே யோசிப்போம்? அதற்குள் பின்னால் வரும் ஆட்டோ நமக்காக யோசித்து முடித்திருக்கும்.

சந்திப்பின் நடுவே மஞ்சள் கட்டம் போட்டிருப்பார்கள். அதற்கு அந்தப் பக்கம் இடம் காலியாக இருந்தால்தான் உள்ளே நுழையலாம். யாருமே இல்லாத ரோட்டில் சிவப்பு விளக்குக்கு நிற்பார்கள். நடுவில் திட்டு வைத்துப் பிரித்த இரட்டைச் சாலையில் இடப்பக்க லேன்தான் எல்லாருக்கும். வலப்பக்கத்து லேன் முந்துவதற்கு மட்டும், முந்தியதும் மரியாதையாக இடப்பக்கம் வந்துவிட வேண்டும். நம் ஊர் நெடுஞ்சாலையில் லாரிகள் நடுத்திட்டை உரசிக்கொண்டு வலப்பக்கமே போகும், பஸ்கள் இடப்பக்கம் புகுந்து முந்தும். அதைப் பார்த்து வளர்ந்த கண்ணுக்கு இதெல்லாம் ஏதோ பூஜை முறை மாதிரி இருந்தது.

என் முதல் ஓட்டுநர் தேர்வில் நான் தோற்ற கதையைச் சொல்ல வேண்டும். காஞ்சிபுரத்தில் எனக்கு ஓட்டப் பழக்கியவர் ஒரு விதி சொல்லிக்கொடுத்திருந்தார். நாற்சந்தியில் இடப்பக்கம் திரும்ப இடது விளக்கு, வலப்பக்கம் திரும்ப வலது விளக்கு, நேராகப் போவதென்றால் நான்கு விளக்கையும் சிமிட்டவிட வேண்டும். ஊரில் எல்லாரும் அப்படித்தான் செய்கிறார்கள், நீங்களும் செய்வீர்கள். இங்கே தேர்வன்று நாற்சந்தி வந்தது, நான் நான்கு விளக்கையும் போட்டேன். பக்கத்தில் இருந்த தேர்வாளர் கவலையோடு, வண்டியில் ஏதாவது கோளாறா என்று கேட்டார். இல்லை, நேராகப் போகப்போகிறேன் என்றேன். அவர் என்னைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுக் குனிந்து எதையோ குறித்துக்கொண்டார். இங்கே நான்கு விளக்கும் சிமிட்டினால் வண்டி படுத்துவிட்டது, ஆபத்து, விலகிப் போ என்று அர்த்தமாம். அவ்வளவு காலமும் ஒவ்வொரு நாற்சந்தியிலும் நான் ஆபத்து ஆபத்து என்று கத்திக்கொண்டே நேராகப் போயிருக்கிறேன்.

முகப்பு விளக்கு விஷயம் இதைவிட மோசம். ஊரில் எதிரே வருகிறவன் விளக்கை அடித்துக் காட்டினால், நான் வருகிறேன், நீ நில் என்று பொருள். இங்கே அதே சிமிட்டலுக்கு, நான் நிற்கிறேன், நீ போ என்று பொருள். ஒரு குறுகிய பாலத்தில் எதிரே நின்ற பெரியவர் விளக்கை அடித்தார். நான் பயந்து நின்றேன். அவர் மறுபடி அடித்தார். நான் இன்னும் பின்னால் நகர்ந்தேன். அவர் மூன்றாம் முறை அடித்தபோது, இந்தாளுக்கு எவ்வளவு திமிர் என்று எனக்குக் கோபமே வந்துவிட்டது. கடைசியில் பாவம், அவரே கையெடுத்துக் கும்பிடாத குறையாக இறங்கி வந்து, போம்மா என்று சைகை செய்தார்.

இரண்டு இடத்திலும் சைகை ஒன்றேதான், பொருள்தான் தலைகீழ். விளக்கில் இருந்த இந்தக் கண்ணியை அன்றே கண்டுபிடித்துவிட்டேன். சொல்லில் இருந்ததைக் கண்டுபிடிக்க இத்தனை வருடமும் ஒரு லாரியும் தேவைப்பட்டன.

3

என் அப்பா டவுன் பஸ் கண்டக்டர். காஞ்சிபுரத்திலிருந்து கூரம் பக்கம் போகிற வண்டி. நர்சிங் படிக்கப் போகிற நாட்களில் அதே வண்டியில்தான் பாதி வழி போவேன். அவர் என்னிடமும் டிக்கெட்டுக்குக் கையை நீட்டிவிட்டு, மகள் என்று தெரியாதவர் மாதிரி முகத்தை வைத்துக்கொள்வார்.

வண்டியில் அவருக்கு இரண்டே சொற்கள் போதும். நிறுத்த வேண்டுமென்றால் 'ஓல்டேன்', கிளம்ப வேண்டுமென்றால் 'ரைட்'. இரண்டும் ஆங்கிலத்திலிருந்து எப்போதோ பஸ் ஏறி வந்தவை. ஏறியபோது எப்படி இருந்தன என்பதெல்லாம் யாருக்கும் நினைவில்லை. பின்படியிலிருந்து அப்பா 'ரைட், போலாம்' என்றால் டிரைவர் நேராகத்தான் போவார். வலப்பக்கம் திரும்பிய டிரைவரை நான் பார்த்ததில்லை.

அந்த இரண்டாவது சொல்லை அப்பா வீட்டுக்கும் கொண்டுவந்தார். சாப்பிட்டு முடித்துக் கை கழுவும்போது, 'ரைட்டு'. அம்மா ஏதாவது புலம்பினால், கேட்டுவிட்டேன் என்பதற்கு 'ரைட்டு'. தம்பி சைக்கிள் வேண்டும் என்று அடம்பிடித்தால், அப்புறம் பார்ப்போம் என்பதற்கு 'ரைட்டு, ரைட்டு'. இரண்டு தரம் சொன்னால் அந்தப் பேச்சு அதோடு முடிந்தது, இனி எடுக்காதே என்று நாங்கள் புரிந்துகொள்வோம். சைக்கிளும் வராது. எங்கள் தெருவில் எல்லா வீட்டிலும் அப்படித்தான் பேசினார்கள், அதனால் இதை ஒரு தனிச்சொல் என்றுகூட நான் நினைத்ததில்லை.

கடல் தாண்டி வந்தபோது அப்பாவின் இந்தச் சொல் என் நாக்கிலேயே ஒட்டிக்கொண்டு வந்துவிட்டது. ஜெனி பிறந்ததிலிருந்து ஒரு நாளைக்கு எத்தனை முறை அவளிடம் 'ரைட்டு' என்று சொல்லியிருப்பேன் என்று கணக்கே இல்லை. அவளும் தலையாட்டிவிட்டுப் போவாள். வீட்டில் தமிழ்தான் பேசுகிறோம், பிள்ளைக்குத் தமிழ் நன்றாகப் புரிகிறது என்று ஊருக்குப் போன் பேசும்போதெல்லாம் பெருமையடித்துக்கொள்வேன்.

4

பக்கத்து ஊரில் மாதம் ஒரு ஞாயிறு தமிழ் ஆராதனை உண்டு. என் கணவர் சனிக்கிழமை இரவு வேலை முடித்துத் தூங்கிக்கொண்டிருந்தார். ஜெனி ஓட்டட்டும், பழகினது மாதிரியும் ஆகும் என்று எல் போர்டை ஒட்டிக்கொண்டு நாங்கள் இருவரும் கிளம்பினோம். தேர்வுக்கு ஆகஸ்டில்தான் தேதி கிடைத்திருக்கிறது. அந்தத் தேதிக்காக மாதக்கணக்கில் கணினி முன்னால் உட்கார்ந்து, யாராவது ரத்து செய்கிறார்களா என்று காத்துக் கிடந்ததை எழுதினால் அது தனிப் புராணமாகிவிடும். அந்தத் தேதியைத் தவறவிட்டால் அடுத்தது எப்போது என்று ஆண்டவருக்குத்தான் தெரியும். அதனால் கிடைத்த ஒவ்வொரு ஞாயிறும் எனக்கு முக்கியம்.

நாங்கள் போகும் ரோடு ஓர் இரட்டைச் சாலையின் மேலே பாலமாகப் போகிறது. பாலத்துக்குச் சற்று முன்னால் ஒரு சிக்னல். கீழே போகிற சாலையிலிருந்து வெளியேறும் வண்டிகள் ஒரு சரிவில் ஏறி வந்து, எங்கள் வலப்பக்கத்தில் அந்தச் சிக்னலில் சேரும். சரிவு முழுக்க ஒருவழி, மேலே வருவதற்கு மட்டும். நாங்கள் நேராகப் போக வேண்டும். ஜெனி சரியான லேனில்தான் நின்றாள். நான் கவனித்து உள்ளுக்குள் மெச்சிக்கொண்டேன்.

பச்சை விழுந்தது. அவள் கிளட்சைச் சட்டென்று விட்டதில் வண்டி குலுங்கி அணைந்துவிட்டது. மறுபடி கிளப்பினாள். பின்னால் ஒரு கார் நின்றுகொண்டிருந்தது. இங்கே யாரும் ஹாரன் அடிக்க மாட்டார்கள், அந்த மௌனம்தான் நம்மைப் பதறவைக்கும். நான் பின்னால் திரும்பி அந்தக் காரைப் பார்த்துக் கையைக் காட்டிக்கொண்டே, கிளம்பு என்று அவசரப்படுத்துவதற்காக, "ரைட்டு, ரைட்டு, ரைட்டு" என்றேன்.

அவள் ஒரு நொடி என்னைப் பார்த்தாள். பிறகு விளக்கைப் போட்டு வலப்பக்கம் திரும்பினாள்.

நான் முன்னால் திரும்பிப் பார்த்தபோது இரண்டு பக்கமும் சிவப்பு வட்டத்தில் வெள்ளைக் கோடு போட்ட பலகைகள் எங்களைத் தாண்டிப் போய்க்கொண்டிருந்தன. நுழையாதே. தரையில் இருந்த அம்புக்குறிகள் எல்லாம் எங்களைப் பார்த்து நீட்டிக்கொண்டிருந்தன. எனக்கு அப்போதும் புரியவில்லை. எதற்காக இந்த அம்புகள் தலைகீழாக இருக்கின்றன என்றுதான் யோசித்தேன். சரிவின் கீழே வளைவிலிருந்து ஒரு லாரி ஏறி வந்தது.

என் வாயிலிருந்து வந்தது என்ன தெரியுமா? "ஓல்டேன்!" அப்பாவின் குரலிலேயே வந்தது. சாகப்போகிற நேரத்தில் கர்த்தரைக்கூட நான் கூப்பிடவில்லை, டவுன் பஸ்ஸை நிறுத்தினேன். ஜெனிக்கு அந்தச் சொல் என்னவென்றே தெரியாது. நல்லவேளையாக அவளாகவே பிரேக்கை மிதித்துவிட்டாள்.

லாரி எங்கள் முன்னால் வந்து நின்றது. கண்ணாடி முழுக்க அதன் முகப்புதான் தெரிந்தது. தலை நரைத்த ஓட்டுநர் இறங்கி எங்களை நோக்கி நடந்து வந்தார். நான் சீட்டோடு ஒடுங்கிக்கொண்டேன். காஞ்சிபுரமாக இருந்தால் 'வூட்ல சொல்ட்டு வந்தியா?' என்று தொடங்கி என் தாத்தா வரைக்கும் போயிருப்பார், அதைக் கேட்டுக்கொள்ளவும் நான் தயாராக இருந்தேன். இந்த மனிதர் கண்ணாடியைத் தட்டி, இரண்டு பேருக்கும் அடிபடவில்லையே என்று கேட்டார். பிறகு எங்களைத் தாண்டி மேலே நடந்து போய், சந்திப்பில் நின்று இரண்டு கைகளையும் அகல விரித்து வண்டிகளை நிறுத்தி, ஜெனி மெதுவாகப் பின்னால் வருவதற்கு இடம் பண்ணிக்கொடுத்தார். திட்டியிருந்தால் எனக்கு ஆறியிருக்கும். போகும்போது ஜெனியிடம், அவசரப்படாதே கண்ணு என்கிற மாதிரி ஏதோ சொன்னார். என்னிடம் ஒன்றும் சொல்லவில்லை.

5

அன்று மாலையே காஞ்சிபுரத்துக்குப் போன் போட்டேன். தம்பி டேவிட் அங்கே பட்டுக்கடைகளுக்குச் சேலைப் பெட்டிகள் செய்து கொடுக்கிறான். நான் அழுதுகொண்டே சொன்னதை எல்லாம் பொறுமையாகக் கேட்டுவிட்டு, அவன் நிஜமாகவே குழம்பிப்போய்க் கேட்டான்.

"இன்னாக்கா, ராங் ரூட்ல பூந்துட்ட, லாரிக்காரன் நின்னுட்டான், நீ ரிவர்ஸ் எடுத்துக்கினு வந்துட்ட. அவ்ளோதான? இதுக்கா அழுதுக்கினு இருக்குற?"

அவனுக்கு எப்படிப் புரியவைப்பது என்று எனக்குத் தெரியவில்லை. திருப்புட்குழிக்குப் பெட்டி கொடுக்கப் போகும்போது, சுற்றிக்கொண்டு போய்த் திரும்பச் சோம்பல்பட்டு, நெடுஞ்சாலையில் எதிர்த்திசையிலேயே ஓரமாகப் போய்விடுகிறவன் அவன். எதிரே வருகிற லாரியும் அவனுக்காக ஒதுங்கிப் போகிறது. போன தடவை நான் ஊருக்குப் போயிருந்தபோது அவன் ஸ்கூட்டரின் பின்னால் அப்படித்தான் போனேன். காற்றில் முந்தானையைப் பிடித்துக்கொண்டு அவனோடு குடும்பக் கதை பேசிக்கொண்டு போனேன், ஒரு துளி பயம் இல்லை. அதே நான்தான் இங்கே ஒரு சரிவில் நூறடி தப்பாகப் போனதற்கு வாரம் முழுக்கப் பயந்துகொண்டிருக்கிறேன். அங்கே எல்லாரும் எல்லாரையும் எதிர்பார்த்து ஓட்டுகிறார்கள். இங்கே ஒருவரும் எதிர்பார்ப்பதில்லை. எதிரே வண்டி வராது என்று நம்பித்தான் அந்த லாரி அவ்வளவு வேகமாக ஏறி வந்தது.

காரணத்தைச் சொன்னபோது மட்டும் டேவிட் விழுந்து விழுந்து சிரித்தான். ரைட்டு என்றால் வலப்பக்கம் திரும்புகிற ஒரு பிள்ளை நம் வம்சத்திலா என்று கேட்டான். ஜெனியை இரண்டு மாதம் ஊருக்கு அனுப்பு, டவுன் பஸ்ஸில் ஏற்றி இறக்கினால் எல்லாம் சரியாகிவிடும் என்றான். நானும் சிரித்துவைத்தேன்.

அந்தச் சரிவுக்கு அப்புறம் நடந்ததை அவனிடம் சொல்லவில்லை. இங்கே சொல்கிறேன்.

6

பாலத்தைத் தாண்டியதும் ஒரு பெட்ரோல் பங்க். அங்கே ஓரமாக நிறுத்தச் சொன்னேன். ஆராதனை தொடங்கியிருக்கும், அது எங்கள் இருவருக்கும் நினைவில்லை. ஜெனி வண்டியை அணைத்துவிட்டு, ஸ்டியரிங்கை விடாமல் பிடித்துக்கொண்டிருந்தாள். அவள் பாதி ஆங்கிலத்தில் பேசியதையெல்லாம் தமிழிலேயே எழுதுகிறேன்.

"நீதானம்மா ரைட்ன்னு சொன்ன. மூணு தரம் சொன்ன."

"ரைட்டுன்னா கெளம்புன்னு அர்த்தம்டி. உன்ன யார் திரும்பச் சொன்னது?"

"ரைட்ன்னா கெளம்புன்னா? யாருக்கு?"

எல்லாருக்கும்தான் என்று சொல்ல வாயெடுத்தேன். அந்த எல்லாரும் காஞ்சிபுரத்தில் இருக்கிறார்கள். இந்தக் காருக்குள் நான் ஒருத்தி மட்டும்தான்.

அவள் விடவில்லை. வீட்டில் சொல்லும்போதும் அதற்கு அதே அர்த்தம்தானா என்று கேட்டாள். நான் யோசித்து யோசித்துச் சொன்னேன். சில நேரம் சரி என்று அர்த்தம். சில நேரம் போதும் என்று அர்த்தம். கேட்டுவிட்டேன், இப்போது என்னால் பேச முடியாது, போ என்றும் அர்த்தம். இரண்டு தரம் சேர்த்துச் சொன்னால், இதை அப்புறம் பார்க்கலாம், இப்போதைக்கு விடு என்று அர்த்தம். சொல்லச் சொல்ல எனக்கே வெட்கமாக இருந்தது. இத்தனையையும் ஒரே சொல்லுக்குள் திணித்து, ஒன்றையும் விளக்காமல், ஒரு குழந்தையிடம் பதினேழு வருடம் பேசியிருக்கிறேன்.

"நீ என்னன்னு நெனச்சிக்கினு இருந்த?" என்று கேட்டேன்.

தான் சொல்வது சரி என்று நான் ஒத்துக்கொள்வதாகத்தான் புரிந்துகொண்டாளாம். ஆங்கிலத்தில் அப்படித்தானே. ஒவ்வொரு முறையும் அம்மா தன் பக்கம்தான் என்று நினைத்திருக்கிறாள். அப்புறம் செய்யக் கூடாது என்று நான் கத்தும்போது, இந்த அம்மா ஏன் இப்படி மாற்றி மாற்றிப் பேசுகிறாள் என்று குழம்பியிருக்கிறாள். அதைச் சொல்லிக்கொண்டே இருந்தவள் சட்டென்று நிறுத்தினாள். அவள் முகம் மாறுவதை நான் பார்த்தேன்.

"அப்போ ஸ்காட்லாந்துக்கு நீ ரைட்டுன்னு சொன்னது?"

எனக்கு ஒன்றும் புரியவில்லை. எந்த ஸ்காட்லாந்து, நான் எப்போது சொன்னேன் என்றேன்.

சொல்லியிருக்கிறேன். வசந்த காலத்தில் ஒரு நாள், வேலைக்குக் கிளம்பும் அவசரத்தில் நான் அரிசி களைந்துகொண்டிருந்தபோது ஜெனி சமையலறை வாசலில் வந்து நின்றாளாம். மருந்தியல் வேண்டாம், காட்டியலையே எடுத்துக்கொள்கிறேன், இன்றைக்கே பதில் அனுப்ப வேண்டும், அனுப்பட்டுமா என்று கேட்டாளாம். நான் திரும்பிப் பார்க்காமல் 'ரைட்டு, ரைட்டு' என்றேனாம். சத்தியமாக எனக்கு நினைவில்லை. ஆனால் நான் சொல்லியிருப்பேன். அது என் குரல்தான், அந்தத் தொனிகூட எனக்குக் கேட்கிறது. அப்புறம் பார்க்கலாம், விடு என்று சொல்லியிருக்கிறேன். அவள் அன்று மாலையே பதில் அனுப்பிவிட்டாள். மருந்தியல் இடத்தை வேண்டாம் என்று எழுதிவிட்டாள். ஸ்காட்லாந்தில் தங்க அறையும் எடுத்தாயிற்று. கார் ஓட்டப் பழகுவதுகூட அதற்குத்தான். காடுகளுக்குள் போய்வர அங்கே லைசென்ஸ் இருந்தால் நல்லது என்று சொன்னார்களாம்.

லாரி வந்து நின்றபோதுகூட நான் இவ்வளவு பயப்படவில்லை. என் பெண் செப்டம்பரில் போகப்போகிறாள். வீட்டில் எல்லாருக்கும் தெரிந்த விஷயம் என்று நினைத்துக்கொண்டு, மாதக்கணக்கில் என் எதிரிலேயே உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டிருந்திருக்கிறாள். நானும் அவளுக்கு மருந்துக்கடை வைத்துக்கொடுப்பது வரைக்கும் மனத்துக்குள் கட்டிக்கொண்டிருந்தேன்.

"எனக்கு நீ போறது பிடிக்கல," என்றேன். "ஒரு துளி கூட பிடிக்கல. காட்டுல போயி நீ இன்னா பண்ணுவ? எனக்கு நீ வீட்டுல இருக்கணும்."

இப்படி ஒன்றை அவளிடம் நேராக, சுற்றி வளைக்காமல் எப்போது சொன்னேன் என்று எனக்கு ஞாபகமில்லை. அவள் கோபப்படுவாள் என்று நினைத்தேன். அவள் கண் நிறைந்துவிட்டது.

"இத அன்னைக்கே ஏன் சொல்லல?"

"சொல்லியிருந்தா போகாம இருந்திருப்பியா?"

"இல்ல. போயிருப்பேன்." மூக்கை உறிஞ்சிக்கொண்டாள். "நீ சண்டை போடுவன்னு எல்லாத்தையும் யோசிச்சு வச்சிக்கினு வந்தேன். நீ திரும்பிக்கூட பாக்கல. ரைட்டுன்னுட்ட. நான் போறது உனக்கு ஒண்ணுமே இல்லன்னு நெனச்சேன்."

இத்தனை மாதமும் என் பிள்ளை, அம்மாவுக்கு என்னைப் பற்றிக் கவலையில்லை என்று நினைத்துக்கொண்டு வளைய வந்திருக்கிறாள். என் தோளில் சாய்ந்து டிவி பார்த்திருக்கிறாள், பிறந்தநாளுக்கு எனக்குக் கேக் செய்திருக்கிறாள், அப்போதெல்லாம் அந்த நினைப்பு அவளுக்குள் இருந்திருக்கிறது. எனக்குத் தெரியவே இல்லை.

அப்புறம் எனக்கு ஆத்திரம் வந்தது. அவ்வளவு பெரிய விஷயத்தை அரிசி களைகிறவளிடமா கேட்பது, உட்காரவைத்துக் கேட்க மாட்டாயா என்றேன். நீ எப்போது உட்கார்ந்திருக்கிறாய் என்று அவள் திருப்பிக் கேட்டாள். மரம் படித்தால் யார் சோறு போடுவார்கள் என்றேன். மருந்துக்கடையில் நின்று உன்னைப் போலக் கால் வீங்கச் சொல்கிறாயா என்றாள். அவள் யோசித்துவைத்திருந்த பதில்கள் ஒன்றுகூடக் குறையவில்லை, எல்லாமே தயாராக இருந்தன. கண்ணைத் துடைத்துக்கொண்டு வண்டியைக் கிளப்பி, கண்ணாடிகளைப் பார்த்து, விளக்கைப் போட்டு ரோட்டில் ஏறினாள். கோயிலுக்கு இனிப் போக முடியாது, வீட்டுக்குத்தான் திரும்பினோம். வழி நெடுக அவள் என்னோடு உரக்கச் சண்டை போட்டுக்கொண்டே ஓட்டினாள், ஒரு லேனைக்கூடத் தவறவிடவில்லை.